இரண்டு தட்டு

மீட்டரக்காவுக்குக் கோபம் வந்தால் கையில் இருக்கும் துணி நேராக வெட்டுப்படும். மற்றவர்களுக்குக் கோபத்தில் கை நடுங்கும், கத்தரி கோணும். அவளுக்கு நேர்மாறு. அன்று காலையிலிருந்து அவள் வெட்டிய துணியெல்லாம் நூல் பிடித்தது போல நேராக வந்துகொண்டிருந்தது. கடையின் மூன்றாவது மாடியில் வேலை பார்க்கும் அத்தனை பேருக்கும் அதன் அர்த்தம் தெரியும் என்பதால் யாரும் அவள் பக்கமே போகவில்லை.

கோபத்துக்குக் காரணம் கவுண்டர்களுக்கு அடியில் இருந்தது. பச்சையும் மஞ்சளுமாக, குழந்தைகளின் விளையாட்டுச் சாமான் மாதிரி பிளாஸ்டிக் மடக்கு ஸ்டூல்கள். மாடியில் இருக்கும் இளம்பெண்கள் ஆளுக்கு ஒன்றாக வாங்கி, சாப்பாட்டுப் பைக்குள் ஒளித்துக் கொண்டுவந்து வைத்திருந்தார்கள். முதலாளி தன் வழக்கமான சுற்றுக்கு மேலே வரும்போது எல்லோரும் அதில் உட்கார்ந்திருக்க வேண்டும். எழுந்திருக்கக் கூடாது. அவ்வளவுதான் திட்டம். இந்தத் திட்டத்தைப் போட்ட மகராசி வேறு யாருமில்லை, மீட்டரக்கா பெற்று வளர்த்து, கையைப் பிடித்துக் கூட்டிவந்து, "என் பொண்ணுதாங்க, நான் பொறுப்பு" என்று சொல்லி இதே மாடியில் வேலைக்குச் சேர்த்துவிட்ட அவளுடைய சொந்த மகள்.

மீட்டரக்காவின் கவுண்டருக்கு அடியிலும் யாரோ ஒரு ஸ்டூலை வைத்திருந்தார்கள். யாரோ என்ன யாரோ, அந்த மகள்தான். மீட்டரக்கா அதைக் காலால் உள்ளே தள்ளிவிட்டு அடுத்த துணியை எடுத்து விரித்தாள்.

அது வீட்டுத் துணிகள் விற்கிற கடை. மூன்றாவது மாடியில் ஜன்னல் திரைக்கும் சோபாவுக்குமான துணி. ரோல் ரோலாகத் துணி அடுக்குகளில் இருக்கும். வாங்க வருகிறவர்களுக்கு மெத்தை வைத்த நாற்காலி, விற்கிற பெண்களுக்கு வெறும் தரை. காலையில் ஷட்டர் ஏறியதிலிருந்து இரவு இறங்குகிற வரைக்கும், சாப்பாட்டு நேரம் போக, விற்கிறவள் உட்காரக் கூடாது என்பது அந்தக் கடையின் சட்டம். அதை எழுதி எங்கும் ஒட்டவில்லை, ஒட்ட வேண்டிய அவசியமே வந்ததில்லை. ஏன் கூடாது என்றால், உட்கார்ந்திருக்கும் பெண்ணைப் பார்த்தால் கடையில் வியாபாரம் இல்லை என்று வருகிறவர் நினைத்துவிடுவாராம். காலியாகக் கிடக்கும் நாற்காலிகளைப் பார்த்தால் மட்டும் என்ன நினைப்பாராம்? அதை யாரும் கேட்டதில்லை.

மீட்டரக்காவின் தலைமுறை எதையுமே கேட்டதில்லை. கேட்காமல் எடுத்துக்கொண்டார்கள். ஒவ்வொரு அடுக்கிலும் தரையை ஒட்டிய கடைசித் தட்டில் விற்காத துணிகளைப் போட்டு வைத்திருப்பார்கள். அதை அடுக்கி வைப்பது போலக் குனிந்து, அப்படியே குத்தவைத்து உட்கார்ந்துவிட்டால், கவுண்டருக்கு அந்தப் பக்கம் நிற்கிறவர் கண்ணுக்குத் தெரியாது. "கீழடுக்கு பாத்துட்டு வரேன்" என்பார்கள். ஒருத்தி கீழடுக்குப் பார்க்கும்போது மற்றவர்கள் அவள் இடத்தையும் சேர்த்துப் பார்த்துக்கொள்வார்கள். வாங்க வருகிறவர்கள் ஏறாத உள் லிப்ட் ஒரு தூணுக்குப் பின்னால் இருந்தது, அதன் மேல்விளக்கு தெரிகிற ஒரே இடம் மீட்டரக்காவின் கவுண்டர். லிப்ட் வந்து நின்று அந்த விளக்கு எரிந்தால் முதலாளியோ மேனேஜரோ வருகிறார்கள் என்று அர்த்தம். உடனே கையில் இருக்கும் இரும்பு மீட்டர் கோலால் கவுண்டர் விளிம்பில் இரண்டு தட்டு தட்டுவாள். டக், டக். அடுத்த நொடி மாடி முழுக்கப் பெண்கள் நின்றுகொண்டிருப்பார்கள், சிரித்த முகமாக.

அவளுக்கு முன்னால் அந்தக் கவுண்டரும் இந்தத் தட்டுகிற வேலையும் அவளுடைய கூட்டாளிக்கு இருந்தது. இப்போது சோபாத் துணிப் பகுதியில் இருப்பதால் சோபாக்கா என்று பேர் வாங்கியவள். இரண்டு பேரும் ஒன்றாக வேலைக்குச் சேர்ந்தவர்கள், ஒன்றாகக் கால் போனவர்கள். புதிதாக வருகிற ஒவ்வொரு பெண்ணுக்கும் துணி வகை சொல்லிக்கொடுப்பதற்கு முன்னால் இந்த இரண்டு தட்டைத்தான் சொல்லிக்கொடுத்தார்கள். முதலாளியின் கண்ணில் மண்ணைத் தூவிவிட்டு உட்கார்ந்துகொண்டிருக்கிறோம் என்பதில் இரண்டு பேருக்கும் அப்படி ஒரு பெருமை. சம்பளத்தைவிட அந்தப் பெருமைதான் அவர்களை அத்தனை வருடம் அங்கே நிறுத்தி வைத்திருந்தது என்றுகூடச் சொல்லலாம்.

அந்தப் பெருமையில்தான் மகள் கை வைத்தாள். போன மாதம் ஒருநாள், மாடி மேனேஜரிடம் நேராகப் போய், "சார், எங்களுக்கு உக்கார ஸ்டூல் வேணும்" என்று கேட்டுவிட்டாள். அந்த மேனேஜருக்குப் பெண்கள் வைத்த பேர் மோப்பம். மோப்பம் தலையை ஆட்டிவிட்டுப் போனான். மறுநாள் தச்சர் வந்து கீழடுக்கு மொத்தத்தையும் பலகை அடித்து மூடிவிட்டுப் போனார்.

மூத்த பெண்களுக்கு வயிறு எரிந்தது. சோபாக்கா வாயில் வந்ததையெல்லாம் சொல்லித் திட்டினாள். "உன் பொண்ணு வாய வெச்சுக்கிட்டு சும்மா இருக்காம இருந்த எடத்தையும் புடுங்கிக் குடுத்துட்டா பாரு!" என்று மீட்டரக்காவின் முகத்துக்கு நேராகவே கேட்டாள். அத்தனை வருட சிநேகிதத்தில் அவள் அப்படிக் குரலை உயர்த்தியது அதுதான் முதல் தடவை. மீட்டரக்காவால் தலை நிமிர முடியவில்லை.

ஸ்டூல்களோடு வருவதற்கு முந்தின நாள் ராத்திரி வீட்டில் இதே பேச்சு வெடித்தது. வீட்டில் தாயும் மகளும் மட்டும்தான். அப்பா என்று ஒரு மனிதர் எப்போதோ வேறு இடம் பார்த்துக்கொண்டு போய்விட்டார், அவரைப் பற்றிப் பேசி வாயைக் கெடுத்துக்கொள்ள வேண்டாம். மீட்டரக்கா தரையில் படுத்து இரண்டு கால்களையும் சுவரில் ஏற்றி வைத்திருந்தாள். வேலை விட்டு வந்தால் அதுதான் முதல் காரியம். முழங்காலுக்குக் கீழே நரம்புகள் சுருண்டு சுருண்டு நீலமாகப் புடைத்திருந்தன. குதிகால் படுகிற இடத்தில் சுவரில் இரண்டு அழுக்குத் தடங்கள். எத்தனை தடவை வெள்ளையடித்தாலும் மறுபடி வந்துவிடும்.

"நாளைக்கு நீயும் உக்காரணும்மா," என்றாள் மகள்.

"என்னடி உளர்ற?"

"நீ உக்காந்தா சோபாக்கா உக்காருவாங்க. அவங்க உக்காந்தா பெரியவங்க எல்லாரும் உக்காருவாங்க. நாங்க மட்டும்னா ஒவ்வொருத்தியா வெளிய அனுப்பிடுவாங்க. மாடியே உக்காந்திருந்தா யாரை அனுப்புவாங்க?"

"பேச வந்துட்டா! உன்னால கீழடுக்கு போச்சு. நாங்க பாட்டுக்கு யாருக்கும் தெரியாம உக்காந்துட்டு இருந்தோம். நீ போய்க் கேட்ட, அவன் பலகை அடிச்சுட்டான். காட்டிக் குடுத்ததே நீதான்."

"நான் கீழடுக்கைப் பத்தி ஒரு வார்த்தை சொல்லலம்மா. ஸ்டூல் வேணும்னு மட்டும்தான் கேட்டேன். அவன் எப்படி நேரா போய் அதை மூடினான்? அவங்களுக்கு முன்னாடியே தெரியும்."

"தெரிஞ்சிருந்தா இத்தனை வருஷம் விட்டு வெச்சிருப்பாங்களா? அறிவு இருக்கா உனக்கு?"

"எனக்கு ஒளிஞ்சு உக்கார வேணாம்," என்றாள் மகள். "அழுக்குத் துணிக்கு நடுவுல குத்தவெச்சு, எப்ப தட்டுவாங்கன்னு காதைத் தீட்டிக்கிட்டு... நான் என்ன திருடியா?"

"அப்ப நான் திருடியா?"

"நான் அப்படிச் சொல்லல."

"அப்படித்தான் சொன்ன. நாங்க நிக்கலயா? எங்களுக்கு மட்டும் இரும்புக் காலா? நீ வயித்துல இருக்கும்போது எட்டு மாசம். கீழடுக்குல உக்காந்திருக்கேன், சோபாக்கா தட்டிட்டா. எந்திரிச்ச வேகத்துல அடுக்கு முனை வயித்துல இடிச்சு கண்ணு இருட்டிடுச்சு. பல்லைக் கடிச்சுக்கிட்டு நின்னேன். முதலாளி வந்தாரு, பாத்தாரு, போனாரு. அவருக்குத் துளி சந்தேகம் வரல. அப்படி நின்னு வளத்தேன் உன்னை."

இந்தக் கதையை மீட்டரக்கா எத்தனை தடவை சொல்லியிருப்பாள் என்று கணக்கே கிடையாது. சின்ன வயதில் மகள் வாயைப் பிளந்துகொண்டு கேட்பாள், பள்ளிக்கூடத்தில் போய்ச் சொல்லவும் சொல்வாள். தன் அம்மா பெரிய வீராங்கனை என்று அப்போது நினைப்பு. அன்று அவள் வாயைப் பிளக்கவில்லை.

"நின்னது நீ. அமுக்கினது யாரு?" என்றாள். "சின்ன வயசுல, மத்த பசங்க எல்லாம் தூங்கப் போற நேரத்துல, எண்ணெயைத் தேச்சு தினம் உன் காலை அமுக்கினது நான். அழுதுக்கிட்டே அமுக்கியிருக்கேன், உனக்குத் தெரியாது, நீ தூங்கிடுவ. நாளைக்கு எனக்கு ஒரு பொண்ணு பொறந்து அது என் காலை அமுக்க வேணாம்மா. அவ்வளவுதான் நான் கேக்குறது."

நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரிக் கேட்டுவிட்டாள். பதில் தெரியாதபோது மனிதர்கள் சொல்கிற மட்டமான பதில் ஒன்று இருக்கிறதே, மீட்டரக்கா அதைச் சொன்னாள்.

"அவ்வளவு பாரமா இருந்திருந்தா அமுக்கியிருக்கவே வேணாம்டி."

மகள் எழுந்து சமையல் மேடைப் பக்கம் போய்விட்டாள். பாத்திரங்கள் தேவைக்கு அதிகமாகச் சத்தம் போட்டன. கொஞ்ச நேரம் கழித்து அங்கிருந்தே, "நீ உக்காரலன்னா போ. குறுக்க மட்டும் வராதே. அது முடியுமா உன்னால?" என்று கேட்டாள்.

"வர மாட்டேன். நீயாச்சு, உன் ஸ்டூலாச்சு. நாளைக்கு உன்னை வெளிய தள்ளினா எங்கிட்ட வந்து அழாதே."

"அழ மாட்டேன்."

மறுநாள் மதியத்துக்குச் சற்று முன்பு, முதலாளியைக் கூட்டிவரக் கீழே போவதாகச் சொல்லிவிட்டு மோப்பம் லிப்டில் இறங்கினான். அவன் தலை மறைந்ததும் மகள் குனிந்து தன் ஸ்டூலை எடுத்து விரித்தாள், உட்கார்ந்தாள். பக்கத்துக் கவுண்டரில் நெட்டை என்று எல்லோரும் கூப்பிடும் உயரமான பெண் உட்கார்ந்தாள். பிறகு ஒவ்வொருத்தியாக. யாரும் கோஷம் போடவில்லை, கையைத் தூக்கவில்லை. சும்மா உட்கார்ந்திருந்தார்கள்.

வாங்க வந்திருந்த வயதான தம்பதிக்கு இதெல்லாம் கண்ணிலேயே படவில்லை. "இதே பூ நீலத்துல இருக்கா?" என்று அந்த அம்மாள் கேட்டாள். நெட்டை உட்கார்ந்தபடியே கையை நீட்டி நீலத்தை எடுத்து விரித்துக் காட்டினாள். அந்த அம்மாள் தடவிப் பார்த்துவிட்டு, நல்லாயிருக்கு, வெட்டிக் குடுங்க என்றாள். கடை இடிந்து விழவில்லை. வியாபாரம் இல்லை என்று யாரும் ஓடிப்போகவில்லை.

மூத்த பெண்கள் மட்டும் நின்றார்கள். சோபாக்கா, மாதிரிக்கு வைத்திருந்த பெரிய சோபாவின் முதுகைப் பிடித்துக்கொண்டு, "எனக்கும் இதுக்கும் சம்பந்தமில்ல" என்கிற முகத்துடன் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மீட்டரக்கா நீலத் துணியை அளந்தாள். குறுக்கே வர மாட்டேன் என்று சொல்லியாகிவிட்டது. ஒரு பக்கம் மகளை இழுத்துப் போட்டு நாலு சாத்து சாத்த வேண்டும் போல இருந்தது. இன்னொரு பக்கம், முதுகை நிமிர்த்திக்கொண்டு, மடியில் கையைக் கோத்துக்கொண்டு அவள் உட்கார்ந்திருந்த விதத்தைப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும் போலவும் இருந்தது. இது அவளுக்கு இன்னும் கோபத்தைக் கிளப்பியது.

லிப்டுக்கு மேலே விளக்கு எரிந்தது.

டக், டக்.

சத்தம் காதில் விழுந்த பிறகுதான் தட்டியது தன் கை என்று மீட்டரக்காவுக்குத் தெரிந்தது. அவள் நினைக்கவே இல்லை. விளக்கு எரிந்தது, கோல் தட்டியது, நடுவில் அவள் என்று ஒருத்தி இல்லவே இல்லை. இதைச் சொன்னால் யார் நம்புவார்கள்? தட்டின கையை வெட்டிப் போட்டாலும் நம்ப மாட்டார்கள்.

கை மட்டுமா அப்படி? கால்களும் அப்படித்தான். வேலைக்குச் சேர்ந்த முதல் நாளிலிருந்து அந்தத் தட்டுக்கு எழுந்து பழகிய பெண்கள் அத்தனை பேரும் எழுந்துவிட்டார்கள். எழுந்து நின்ற பிறகு ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துத் திருதிருவென்று விழித்தார்கள். நெட்டையின் ஸ்டூல் சாய்ந்து நடைபாதையில் போய் விழுந்தது. மகளின் உடம்பும் ஒரு கணம் முன்னால் சாய்ந்தது. ஸ்டூலின் இரண்டு ஓரத்தையும் இறுகப் பிடித்துக்கொண்டு மறுபடி உட்கார்ந்தாள். மாடி முழுக்க அவள் ஒருத்திதான் உட்கார்ந்திருந்தாள்.

அவள் திரும்பி அம்மாவைப் பார்த்தாள்.

மீட்டரக்கா தலையை ஆட்டினாள், இல்லை, இல்லை என்று. மகள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். "நல்லா தட்டினம்மா," என்று மெதுவாகச் சொன்னது மட்டும் காதில் விழுந்தது.

முதலாளி வந்துவிட்டார், பின்னால் மோப்பம். முதலாளி வயதானாலும் சட்டை மடிப்புக் கலையாத மனிதர். கத்துகிற வழக்கம் அவரிடம் கிடையாது. நடைபாதையில் கிடந்த மஞ்சள் ஸ்டூலைப் பார்த்தார், நிற்கிற பெண்களைப் பார்த்தார், கடைசியாக உட்கார்ந்திருப்பவளைப் பார்த்தார்.

"யாரு இது?"

"மீட்டரோட பொண்ணுங்க, ஐயா," என்றான் மோப்பம்.

"எந்திரிம்மா."

"கால் வலிக்குது சார். துணி கேட்டா எடுத்துக் குடுப்பேன், வெட்டித் தருவேன். உக்காந்துக்கிட்டே செய்வேன்."

"கால் வலிச்சா வீட்ல இருக்கணும்."

"எல்லாரும் வீட்ல இருந்தா துணி யாரு விப்பா சார், நீங்களா?"

யாரோ ஒரு பெண் சிரிப்பை அடக்கினாள். முதலாளியின் காது சிவந்தது. மீட்டரக்கா கவுண்டரைச் சுற்றிக்கொண்டு கிட்டத்தட்ட ஓடினாள். "ஐயா, சின்னப் பொண்ணுங்க. வாய்த் துடுக்கு. நான் சொல்லிக்கிறேன், மன்னிச்சுடுங்க," என்று கையைக் கூப்பினாள். பக்கத்தில் மகள் கண்ணை மூடிக்கொண்டாள், அம்மா கெஞ்சுவதைப் பார்க்கச் சகிக்காமல்.

முதலாளிக்கு முகம் இளகியது. நிறையவே இளகியது.

"நீ எதுக்கு மன்னிப்பு கேக்குற மீட்டரு? உன் மேல எனக்கு என்ன கோபம்? இப்பகூடத் தட்டினியே, கேட்டுச்சே." சிரித்தார். "எனக்குக் கேக்காதுன்னா நினைச்சுட்டு இருந்த இத்தனை வருஷமா?"

மீட்டரக்காவின் கூப்பிய கை அப்படியே நின்றது.

"எல்லாம் தெரியும்மா. கீழடுக்கு, தட்டுறது, எல்லாம். லிப்ட்லேர்ந்து இறங்கி அந்தத் தூணுக்குப் பின்னாடி கொஞ்சம் நின்னுட்டுத்தான் வருவேன். நீங்க எந்திரிச்சு முகத்தைத் துடைச்சுக்க நேரம் குடுத்து." மாடி முழுக்கக் கேட்கட்டும் என்று குரலைச் சற்று உயர்த்தினார். "கேளுங்கம்மா, சின்னப் பொண்ணுங்க எல்லாம் கேளுங்க. உங்க மூத்தவங்ககிட்ட பயம் இருந்துச்சு. பயந்துக்கிட்டு உக்காருறவளை நான் ஒரு நாளும் ஒண்ணும் சொன்னதில்ல. பயமில்லாம உக்காருறவளுக்கு இங்க எடம் இல்ல. அவ்வளவுதான் வித்தியாசம்."

மறுபடி மீட்டரக்காவிடம் திரும்பி, பழைய நல்ல நாட்களை நினைத்துக்கொள்கிற குரலில் சொன்னார். "இவ வயித்துல இருக்கும்போது ஒரு தடவை எந்திரிச்ச பாரு, எட்டு மாசமோ ஒன்பதோ. அடுக்குல இடிச்சுக்கிட்டு, வலியை முழுங்கிட்டு, சிரிச்ச முகமா நின்ன. தூணுக்குப் பின்னாடி நின்னு பாத்துட்டே இருந்தேன். ஆள்னா இப்படி இருக்கணும்னு வீட்ல போய்ச் சொன்னேன். உன் பொண்ணுக்கு அதுல பாதி வரலயே!" என்றவர் மோப்பத்தைப் பார்த்தார். "இவளை அனுப்பிடு. மீட்டரு இருக்கட்டும்."

பாராட்டினார். அந்த மனிதர் அதைப் பாராட்டு என்று நினைத்துத்தான் சொன்னார்.

மீட்டரக்கா தூணைப் பார்த்தாள். அத்தனை வருடம் கண்ணெதிரே இருந்த தூண். அதன் பின்னால் ஒரு ஆள் நின்று, வயிற்றுப் பிள்ளையோடு ஒருத்தி துள்ளி எழுந்து இடித்துக்கொள்வதைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறான். பார்த்துவிட்டு, வீட்டுக்குப் போய்ச் சொல்லிச் சாப்பிட்டிருக்கிறான். கண்ணில் மண்ணைத் தூவினோம் என்று இறுமாந்துகொண்டிருந்தோமே! மண் யார் கண்ணில் இருந்தது? கேட்டு வாங்கியிருந்தால்கூட ஒரு மரியாதை இருந்திருக்கும். திருடியிருந்தால்கூட ஒரு சாமர்த்தியம் இருந்திருக்கும். இது இரண்டும் இல்லை. நாய்க்குப் போடுவது போலப் போட்டிருக்கிறார்கள், நாம் பிடுங்கித் தின்றதாக நினைத்து வாலை ஆட்டியிருக்கிறோம். அந்தக் கதையை மகளுக்கு வேறு பெருமையாகச் சொல்லியிருக்கிறோம். தாய்ப்பாலோடு சேர்த்துப் புகட்டியிருக்கிறோம். மீட்டரக்காவுக்கு உடம்பு கொதித்தது. இத்தனை நாள் மகள் மேல் வந்ததெல்லாம் கோபமே இல்லை, கோபம் என்றால் இதுதான் என்று அப்போதுதான் அவளுக்குத் தெரிந்தது.

அவள் கூப்பிய கையைப் பிரித்தாள். அந்த வயதான தம்பதிக்குப் பக்கத்தில் காலியாக இருந்த மெத்தை நாற்காலியை இழுத்து, முதலாளிக்கு நேர் எதிரே போட்டாள். உட்கார்ந்தாள். மெத்தை மெதுவாக அமுங்கியது. தினமும் காலையில் அவள் கையால் துடைத்த நாற்காலி. இவ்வளவு மெத்தென்று இருக்கும் என்று அவளுக்குத் தெரியாது.

"என்ன மீட்டரு இது? எந்திரி."

"எட்டு மாசம், ஐயா."

"என்னது?"

"எட்டோ ஒன்பதோன்னீங்களே. எட்டு மாசம். உங்களுக்கு மறந்திருக்கும், எனக்கு மறக்கல. அன்னைக்கு ராத்திரி பூரா வயித்துல அசைவே இல்ல. பிள்ள போயிடுச்சுன்னு நினைச்சு விடியிற வரைக்கும் வயித்தைப் புடிச்சுட்டு உக்காந்திருந்தேன். அதை நான் யாருகிட்டயும் சொன்னதில்ல. இவகிட்டகூட." குரல் உடைந்தது, ஆனால் நிற்கவில்லை. "தூணுக்குப் பின்னாடி நின்னு பாத்தீங்களே, 'உக்காரும்மா'ன்னு ஒரு வார்த்தை வரல உங்க வாயில? ஒரு வார்த்தை! அதுக்கு என்ன குறைஞ்சிருக்கும் உங்களுக்கு?"

"வயசுக்கு மரியாதை குடுத்துச் சொல்றேன். எந்திரி."

"மாட்டேன். என் பொண்ணை அனுப்புறதா இருந்தா நாற்காலியோட என்னையும் சேத்துத் தூக்கிட்டுப் போய் வெளிய போடுங்க. நடந்து போக மாட்டேன். நடக்க நிக்க எல்லாம் இந்தக் காலால முடிஞ்ச வரைக்கும் உங்களுக்குச் செஞ்சாச்சு."

சோபாக்கா கூரையைப் பார்ப்பதை நிறுத்தியிருந்தாள். அன்றைக்கு எட்டு மாதத்துக்காரி கீழே உட்கார்ந்திருக்கும்போது தட்டியவள் அவள்தானே! முகம் கோணியது. "அடப் பாவி மனுசா!" என்று வாய்விட்டே சொன்னாள். சொல்லிவிட்டு, இத்தனை வருடம் தூசி மட்டும் தட்டிக்கொண்டிருந்த அந்தப் பெரிய சோபாவின் நட்ட நடுவில் தொப்பென்று விழுந்தாள். சோபா கிறீச்சென்றது. மற்ற மூத்தவர்கள் அவளுக்கு இரண்டு பக்கமும் இடித்துக்கொண்டு உட்கார்ந்தார்கள். பெண்கள் ஸ்டூல்களை மறுபடி விரித்தார்கள். நெட்டை தன்னுடையதை எடுக்க நடைபாதைக்கு வந்து, "சார், கொஞ்சம் காலை எடுங்க" என்று மோப்பத்திடம் சொன்னாள். அவன் எடுத்தான்.

மகள் தன் இடத்திலிருந்து எழுந்தாள். மீட்டரக்காவின் கவுண்டருக்கு வந்து குனிந்து, அடியில் காலையில் உள்ளே தள்ளப்பட்டிருந்த பச்சை ஸ்டூலை எடுத்து விரித்து, அம்மாவின் நாற்காலிக்கு முன்னால் டொம்மென்று வைத்தாள்.

"தட்டினது நீதான," என்றாள். கண்ணில் தண்ணீர் நின்றது, கோபமும் இறங்கவில்லை.

"கை தட்டிடுச்சுடி."

"கையாம் கை. காலைத் தூக்கி இதுமேல வை."

"அமுக்க வேணாம்."

"யாரு அமுக்கப் போறா? வைன்னா வை."

மீட்டரக்கா தயங்கினாள். அந்தக் கால்களை வெளியாள் யாரும் பார்த்ததில்லை. கணுக்கால் தெரியாமல் துணியை இழுத்துவிட்டுக்கொண்டே காலம் தள்ளியவள் அவள். பிறகு துணியை முழங்கால் வரை ஏற்றி, ஒவ்வொரு காலாகத் தூக்கி ஸ்டூல் மேல் வைத்தாள். அந்த வயதான அம்மாள் "ஐயோ, என்னம்மா இது" என்று வாயைப் பொத்திக்கொண்டாள். முதலாளி முகத்தை வேறு பக்கம் திருப்பினார்.

"அங்க என்ன பாக்குறீங்க?" என்றாள் மீட்டரக்கா. "இத்தனை வருஷம் ஒளிஞ்சு நின்னு பாத்தீங்கல்ல? இப்ப நேரா பாருங்க."

அவர் பார்க்கவில்லை. மோப்பத்தின் காதில் ஏதோ சொன்னார். அவன் போனை எடுத்துக் கீழே கூப்பிட்டு, ஆட்களை மேலே வரச் சொன்னான். கொஞ்ச நேரத்தில் லிப்டுக்கு மேலே மறுபடி விளக்கு எரிந்தது. ஆட்கள் வருவது தெரிந்து, மாடியில் இருந்த பெண்கள் அத்தனை பேரும் மீட்டரக்காவின் கையைப் பார்த்தார்கள். கை அவள் மடியில் இருந்தது. மீட்டர் கோல் கவுண்டர் மேல், நீலத் துணிக்குப் பக்கத்தில் கிடந்தது.